கந்தலுக்குக் கிடைத்த தேசிய விருது

கேள்வி: கொல்லிமலையில் செம்மேட்டுக்குப் பக்கத்துக் கிராமம் எங்களுடையது. அப்பாவுக்கு மிளகும் கொஞ்சம் மரவள்ளியும் உண்டு. பிளஸ் டூ முடித்துவிட்டு ஒரு டெய்லர் அக்காவிடம் ஜாக்கெட், சுடிதார் தைக்கிறேன். சினிமாவில் காஸ்ட்யூம் டிசைனர் ஆகவேண்டும் என்று ஆசை. வீட்டில் சொன்னால் சிரிக்கிறார்கள். ‘அதுக்கெல்லாம் ஆள் தெரியணும், நமக்கு யாரைத் தெரியும்’ என்கிறார் அப்பா. இன்னொரு விஷயம். டிவியில் பழைய படம் போட்டால் மலை ஜனங்கள் என்று வருகிறவர்கள் தலையில் இறகு, இடுப்பில் இலை, கழுத்தில் சோழி மாலையோடு ஆடுகிறார்கள். எங்கள் பாட்டி அதைப் பார்த்துவிட்டு ‘யாருடி இவங்க?’ என்று கேட்கிறார். நாங்களும் மலையாளிப் பழங்குடிதான். எங்கள் வீட்டில் ஒருத்தரும் இறகு செருகியதில்லை. இந்த வேலைக்கு என்ன படிக்கவேண்டும்? எவ்வளவு சம்பளம் வரும்? பெண்களுக்குப் பாதுகாப்பு உண்டா? இப்போதே சென்னைக்குக் கிளம்பி வரலாமா?

- ஒரு வாசகி, கொல்லிமலை

பதில்: சிரிக்கிறவர்களை விடுங்கள். பாட்டி கேட்டாரே, அதுதான் இந்தத் தொழிலின் முதல் கேள்வி. ஸ்கிரிப்ட் கைக்கு வந்ததும் காஸ்ட்யூம் டிசைனர்களாகிய நாங்களும் அதையேதான் கேட்கவேண்டும். யார் இவர்கள்? என்ன வேலை செய்கிறார்கள்? துணிக்கு எவ்வளவு செலவழிக்க முடியும்? எந்தச் சந்தையில் வாங்குவார்கள்? கிழிந்தால் தூக்கிப் போடுவார்களா, ஒட்டுப் போடுவார்களா? இதைக் கேட்காமல் விட்டால் அங்கே இறகு வந்து உட்கார்ந்துகொள்ளும்.

கோடம்பாக்கம், வடபழனிப் பக்கம் துணிகளை வாடகைக்கு விடும் டிரஸ் கம்பெனிகள் உண்டு. ராஜா செட், போலீஸ் செட், வக்கீல் செட் மாதிரி ‘ட்ரைபல் செட்’ என்றும் ஒரு மூட்டை கட்டி வைத்திருப்பார்கள். நாளைக்குப் பாட்டு ஷூட்டிங், இருபது டான்ஸர்கள் என்று இன்றைக்குச் சாயங்காலம் சொன்னால் அந்த மூட்டைதான் வண்டி ஏறும். டைரக்டருக்கு அவசரம், எங்களுக்குச் சோம்பல். தெரியாமல் செய்தவர்களைவிடத் தெரிந்தே செய்தவர்கள்தான் அதிகம் என்பது என் அபிப்பிராயம்.

இதற்கு நேர்மாறான ஒரு படத்தைத் தேடிப் பாருங்கள். பாலாவின் ‘பரதேசி’, 2013-இல் வந்தது. வெள்ளைக்காரன் காலத்தில் பிழைப்புக்காகத் தேயிலைத் தோட்டத்துக்கு மலையேறிப் போய் மாட்டிக்கொள்ளும் கிராமத்து ஜனங்களின் கதை. 60-வது தேசியத் திரைப்பட விருதுகளில் சிறந்த உடை வடிவமைப்புக்கான விருதை அந்தப் படத்துக்காகப் பூர்ணிமா ராமசாமி வாங்கினார். பட்டும் இல்லை, ஜரிகையும் இல்லை. முரட்டுத் துணி, அழுக்கு, கந்தல், அவ்வளவுதான். அதற்கா விருது என்று அப்போது கேட்டவர்கள் உண்டு. பட்டுச்சேலை கட்டிய கூட்டத்தை நிற்க வைப்பது சுலபம். நூறு ஏழைகளை நிற்க வைத்துப் பாருங்கள், அப்போது தெரியும். ஒவ்வொருத்தரும் அவரவர் விதத்தில் ஏழையாகத் தெரியவேண்டும். எல்லோரும் ஒரே மாதிரி ஏழையாக இருந்தால் அதற்குப் பெயர் யூனிஃபார்ம்.

கந்தலை எப்படிச் செய்கிறோம் என்று கொஞ்சம் விவரமாகவே சொல்கிறேன், கல்லூரிகளில் இதை அதிகம் சொல்லித்தருவதில்லை. கடையில் வாங்கிய புதுத் துணியில் முதலில் கஞ்சி போகவேண்டும். சோடா உப்புப் போட்டு வேகவைத்து, கல்லில் அடித்துத் துவைத்தால் மினுமினுப்புச் சாகும். அடுத்து டீ டிகாஷனில் முக்கியெடுத்தால் வெள்ளை பழுப்பாகும். காய்ந்த பிறகு உப்புத்தாளை எடுத்துக்கொண்டு காலர் மடிப்பு, கை விளிம்பு, பாக்கெட் வாய், முட்டி என்று உடம்பு உரசும் இடங்களை மட்டும் தேய்க்கவேண்டும். ஈரச் சட்டையின் பாக்கெட்டில் கூழாங்கற்களைப் போட்டு ராத்திரி முழுக்கத் தொங்கவிட்டால், பல வருஷம் பீடிக்கட்டும் சில்லறையும் சுமந்த பாக்கெட் மாதிரித் தொய்ந்துவிடும். ஒட்டுப் போடுவதாக இருந்தால் அந்த வீட்டில் இருந்திருக்கக்கூடிய வேறொரு துணியிலிருந்து வெட்டிப் போடவேண்டும், அதுவும் கைத்தையலில். புதிதாக வருகிறவர்கள் செய்யும் காரியம், சட்டை முழுவதையும் ஒரே அளவுக்கு அழுக்காக்குவது. கேமரா அதை உடனே காட்டிக்கொடுத்துவிடும். நிஜமான அழுக்குக்கு முகவரி உண்டு.

அந்த முகவரி உங்களுக்குத் தெரியும் என்பதால்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன். சில்வர் ஓக் மரத்தில் ஒற்றை மூங்கில் ஏணியைச் சாத்தி மிளகு பறிக்கிறவரின் வேட்டி எங்கே நைந்திருக்கும்? மரவள்ளி பிடுங்குகிற பெண் சேலையை எந்த உயரத்தில் இழுத்துச் செருகுகிறார், அந்தச் செருகலில் மண் எப்படி ஒட்டுகிறது? பலாப்பால் கறை லேசில் போகாது. அது சட்டையில் எந்தப் பக்கம் இருக்கும்? சென்னையில் உட்கார்ந்து யோசிக்கிற டிசைனர் இதற்கெல்லாம் ஆள் அனுப்பிப் படம் எடுத்துவரச் சொல்லவேண்டும். நீங்கள் அப்பாவின் சட்டையைக் கொடியிலிருந்து எடுத்துப் பார்த்தால் போதும்.

ஆகவே முதல் வேலையாக ஒரு நோட்டுப் போடுங்கள். பாட்டியிடம் உட்கார்ந்து கேளுங்கள். கல்யாணத்தில் என்ன கட்டினார், அது எந்த ஊரிலிருந்து வந்தது, ஜாக்கெட் போடும் பழக்கம் வீட்டில் யாரிடமிருந்து தொடங்கியது, குளிருக்கு எதைப் போர்த்திக்கொண்டார்கள், வயலுக்கு ஒரு கட்டு, கோயிலுக்கு ஒரு கட்டு என்று இருந்ததா? கட்டச் சொல்லி முன்னால், பின்னால், பக்கவாட்டில் மூன்று படம் எடுங்கள். சோளக்காட்டுச் சந்தை நாளில் நின்று பாருங்கள். யாரையும் கேட்காமல் படம் எடுக்காதீர்கள், அதை மட்டும் மனதில் வையுங்கள். நாளைக்கு ஒரு டிசைனர் முன்னால் போய் நிற்கும்போது ஃபேஷன் பத்திரிகையிலிருந்து வெட்டி ஒட்டிய ஆல்பத்தைவிட இந்த நோட்டுதான் பேசும். மலை வாழ்க்கையைப் படமாக்க வருகிறவர்களிடம் ‘இறகு வேண்டாம் சார், இதுதான் உண்மை’ என்று சொல்ல உங்களிடம் ஆதாரம் இருக்கும்.

இலையைப் பற்றி ஒரு வார்த்தை. இலை உடை தமிழுக்குப் புதிதில்லை. சங்கப் பாடல்களில் பெண்கள் தழையாடை உடுத்துகிறார்கள். அதை இரண்டாயிரம் வருஷம் கழித்து மலைக்காரர்களுக்கு மட்டும் மாட்டிவிட்டதுதான் கோளாறு. உங்களுக்கு ஒரு பயிற்சி தருகிறேன். செம்மேட்டில் சங்க காலத்துத் தலைவன் வல்வில் ஓரியின் சிலை இருக்கிறதே, அந்த ஓரியை வைத்து ஒருவர் படம் எடுக்கிறார், உடை உங்கள் பொறுப்பு என்று வைத்துக்கொள்ளுங்கள். என்ன உடுத்துவீர்கள்? நாடகக் கம்பெனி வழியாக வந்த பழக்கப்படி வெல்வெட் அங்கியும் ஜிகினாவும் மாட்டிவிடலாம். ஆனால் சங்கப் பாடலான முல்லைப்பாட்டைப் புரட்டினால், பாசறையில் காவல் இருக்கும் அயல்நாட்டு யவனர்கள் சட்டை போட்டிருப்பதை அதைப் பாடிய புலவர் ஓர் அடையாளமாகவே குறிப்பிடுவது தெரியும். அப்படியென்றால் உள்ளூர்த் தலைவன் பெரும்பாலும் தைக்காத துணியைத்தான் சுற்றியிருப்பான். நெசவு எவ்வளவு நைஸ், சாயம் எந்தச் செடியிலிருந்து, வில் நாண் இழுக்கும் தோளில் துணி இடறாமல் இருக்க எப்படிக் கட்டியிருப்பான் என்று கேள்விகள் ஒன்றன்பின் ஒன்றாக வரும். ‘பொன்னியின் செல்வன்’ படத்துக்கு ஏகா லக்கானி உடை வடிவமைத்தபோது அவருக்குத் துணையாகச் சோழர் காலத்துச் சிற்பமும் செப்புத்திருமேனியும் இருந்தன. ஓரிக்கு அதுவும் கிடையாது, பாட்டு மட்டும்தான். பத்துப் படம் வரைந்து வையுங்கள். ஓவியம் சுமாராக இருந்தாலும் பரவாயில்லை, ஏன் இப்படி என்று பக்கத்தில் எழுதுங்கள்.

இனி, அன்றாட வேலை. தமிழ்ப் படத்தின் டைட்டிலைக் கவனித்தால் உடைக்கு இரண்டு கார்டு வரும். ஒன்று டிசைனருக்கு, இன்னொன்று காஸ்ட்யூமருக்கு. டிசைனர் டைரக்டரோடும் கேமராமேனோடும் ஆர்ட் டைரக்டரோடும் உட்கார்ந்து நிறம், துணி, காலம் எல்லாவற்றையும் முடிவு செய்கிறவர். காஸ்ட்யூமர் செட்டில் நிற்கிறவர். விடியற்காலையில் அயர்ன் பெட்டி சூடாவது அவருடைய ஆட்களிடம்தான். நடிகருக்கு உடுத்திவிட்டு, சாயங்காலம் திரும்ப வாங்கி எண்ணி மூட்டை கட்டும் வரை அவர் பாடு. நீங்கள் எந்தக் கார்டுக்கு ஆசைப்பட்டாலும் ஆரம்பம் செட்டில்தான்.

அங்கே முதலில் கற்றுக்கொள்வது கன்டினியூட்டி. கதாநாயகன் வீட்டு வாசலில் நிற்கும் காட்சியை இன்றைக்குப் பொள்ளாச்சியில் எடுப்பார்கள். அதே காட்சியில் அவன் கதவைத் திறந்து உள்ளே வரும் பாதியை இரண்டு மாதம் கழித்துச் சென்னையில் செட் போட்டு எடுப்பார்கள். படத்தில் அது ஒரு நொடி. மேல் பட்டன் திறந்திருந்ததா, இடது கை எத்தனை சுற்று மடிக்கப்பட்டிருந்தது, வியர்வை முதுகில் எங்கே, பாக்கெட்டில் பேனா உண்டா என்று ஒவ்வொரு ஷாட்டுக்கும் போட்டோ எடுத்துக் காட்சி எண்ணோடு குறித்து வைத்தால்தான் தப்பிக்கலாம். சண்டைக் காட்சி என்றால் ஒரே சட்டை நாலைந்து வேண்டும். ஹீரோவுக்கு, டூப்புக்கு, ரத்தம் பட்டது, கிழிந்தது, மழையில் நனைய ஒன்று. ஐந்தும் ஒரே அளவுக்குப் பழசாக இருக்கவேண்டும்.

கேமராவுக்கும் மைக்குக்கும் தனித்தனியாகப் பிடிவாதங்கள் உண்டு. நெருக்கமான சின்னக் கோடு, பொடிக் கட்டம் திரையில் அலையடிக்கும். சுத்த வெள்ளை விளக்கில் கூசும். பச்சைத் திரை முன்னால் பச்சைச் சேலை கட்டினால் ஆள் காணாமல் போவார். மொடமொடப்பான பட்டு சட்டைக்குள் வைத்த மைக்கில் சரசரவென்று கேட்கும், சவுண்ட் என்ஜினீயர் வந்து சண்டை போடுவார். கறுப்பு வெள்ளைக் காலத்தில் நிறத்தைப் பற்றி இவ்வளவு கவலை கிடையாது, வெளிச்சமும் இருட்டும் பிரிந்து தெரிந்தால் போதும். கலர் வந்தபோது உடைக்காரர்களின் பாடு மாறியது. தமிழின் முதல் முழுநீளக் கலர் படம் ‘அலிபாபாவும் 40 திருடர்களும்’, 1956. எடுத்தது உங்கள் பக்கத்துச் சேலத்தில் இருந்த மாடர்ன் தியேட்டர்ஸ். அதை நடத்திய டி.ஆர். சுந்தரம் திருச்செங்கோட்டுக்காரர், இன்றைய கணக்கில் உங்கள் நாமக்கல் மாவட்டம்தான். சினிமா என்பது சென்னைக்காரர்களின் சொத்து என்று அப்பா நினைத்தால் இதைச் சொல்லுங்கள்.

‘ஆள் தெரியணும்’ என்பதில் பாதி உண்மை இருக்கிறது. முன்பின் தெரியாதவரிடம் பல லட்ச ரூபாய்த் துணியை யாரும் ஒப்படைக்கமாட்டார்கள். ஆனால் அந்த அறிமுகம் பிறப்பால்தான் வரவேண்டும் என்று இல்லை. மலையாள நடிகர் இந்திரன்ஸ் தையற்கடையில் தொடங்கி, சினிமாவுக்கு உடை தைத்து, அங்கிருந்து நடிப்புக்குப் போனவர். ‘ஒரு வடக்கன் வீரகதா’வுக்கு உடை வடிவமைப்பு, கலை இயக்கம் இரண்டுக்குமே தேசிய விருது வாங்கிய பி. கிருஷ்ணமூர்த்தி பூம்புகார்க்காரர். ஆஸ்கர் வாங்கிய முதல் இந்தியரே ஒரு காஸ்ட்யூம் டிசைனர்தான், கோலாப்பூரில் பிறந்த பானு அத்தையா. ஓவியம் படித்தவர், பெண்கள் பத்திரிகைக்கு உடைப் படம் வரைந்தவர், 1956-இல் ‘சி.ஐ.டி.’ மூலம் சினிமாவுக்கு வந்தவர். ‘காந்தி’ படத்துக்காக ஜான் மோலோவோடு சேர்ந்து 1983-இல் விருதை வாங்கினார். அந்தப் படத்தை இன்னொரு முறை பார்த்தால் ஒன்றை மட்டும் கவனியுங்கள். பாரிஸ்டர் கோட்டிலிருந்து இடுப்புத் துணி வரை காந்தியின் உடை எப்படிப் படிப்படியாகக் குறைகிறது, ஒவ்வொரு கட்டத்திலும் கூட நிற்கிறவர்கள் என்ன உடுத்தியிருக்கிறார்கள் என்று பாருங்கள். நிஜக் காந்தி அந்தக் கடைசி முடிவை எடுத்தது நம் மதுரையில், 1921 செப்டம்பரில்.

படிப்புக்கு வருகிறேன். கொங்குப் பக்கக் கல்லூரிகள் பலவற்றில் பி.எஸ்சி. காஸ்ட்யூம் டிசைன் அண்ட் ஃபேஷன் இருக்கிறது. பெயரைப் பார்த்து ஏமாறவேண்டாம், அது பெரும்பாலும் திருப்பூர் கார்மென்ட் கம்பெனிகளை மனதில் வைத்து அமைந்த படிப்பு. பேட்டர்ன், கட்டிங், துணியின் குணம் எல்லாம் கற்றுக்கொள்ளலாம், சினிமாவைப் பற்றி அதிகம் இருக்காது. படித்தால் நஷ்டமில்லை, சினிமாவில் வேலை கிடைக்காவிட்டாலும் பனியன் கம்பெனியில் கிடைக்கும். பெரிய இடம் வேண்டுமென்றால் சென்னை தரமணியில் தேசிய ஆடை வடிவமைப்பு நிறுவனமான நிஃப்ட், நாலு வருஷ பி.டெஸ். பிளஸ் டூவில் எந்தக் குரூப் எடுத்திருந்தாலும் எழுதலாம். நுழைவுத் தேர்வில் வரையவும் யோசிக்கவும் தெரிகிறதா என்று பார்ப்பார்கள். பழங்குடியினருக்கு 7.5 சதவீத இடஒதுக்கீடு உண்டு. சாதிச் சான்றிதழ் கையில் இல்லையென்றால் இன்றைக்கே அதற்கு மனுப் போடுங்கள், தேர்வு அறிவிப்பு வந்த பிறகு தாலுகா அலுவலகத்துக்கு நடந்தால் நேரம் போதாது. கட்டணம் அதிகம்தான். உதவித்தொகைக்கு ஆதிதிராவிடர் மற்றும் பழங்குடியினர் நலத்துறை, கடனுக்கும் பயிற்சிக்கும் நாமக்கல்லில் தாட்கோ அலுவலகம், இரண்டிலும் நேரில் போய்க் கேளுங்கள்.

எனக்கு மிகவும் பிடித்த யோசனை வேறு. சேலத்தில் 1960 முதல் இந்தியக் கைத்தறித் தொழில்நுட்ப நிறுவனம் இருக்கிறது, மத்திய அரசுடையது, அங்கே மூன்று வருஷ டிப்ளமோ. நெசவும் சாயமும் தெரிந்த காஸ்ட்யூம் டிசைனர்கள் இந்தத் தொழிலில் குறைவு, அவர்களுக்கு எப்போதும் மதிப்பு உண்டு. இராசிபுரம் பட்டு, இளம்பிள்ளைச் சேலை, ஈரோட்டுச் சந்தை எல்லாம் சுற்றுவட்டாரத்திலேயே கிடைக்கும்போது இதைத் தவறவிடக் கூடாது. எதற்கும் பணம் தோதுப்படவில்லை என்றால் ஐ.டி.ஐ.யில் ஓராண்டுத் தையல் பிரிவு இருக்கிறது. நீங்கள் இப்போது தைக்கும் ஜாக்கெட்டும் படிப்புதான். ஆண் சட்டை, காலர், கோட்டு தைக்கவும் அந்த அக்காவிடம் கற்றுக்கொள்ளுங்கள். தைக்கத் தெரியாத டிசைனரை டெய்லர் மாஸ்டர் ஒரே வாரத்தில் கண்டுபிடித்துவிடுவார். அதற்கப்புறம் அவர் சொல்வதுதான் டிசைன்.

சம்பளத்துக்கு ஒரே எண் சொல்ல முடியாது. அசிஸ்டென்டாகச் சேர்ந்தால் மாதச் சம்பளமோ நாள் பேட்டாவோ கிடைக்கும். முதல் ஒன்றிரண்டு படங்களில் சென்னை அறை வாடகைக்கே அது காணாது. டிசைனர் ஆன பிறகு படத்துக்கு இவ்வளவு என்று பேசுவார்கள். அதற்குள் அசிஸ்டென்ட் கூலி அடக்கமா, துணிச் செலவு அடக்கமா, வெளியூர் ஷெட்யூலுக்குத் தனியா என்று எழுதி வாங்கவேண்டும். எந்தக் காரணத்துக்காகவும் சொந்தக் காசில் துணி வாங்காதீர்கள். ‘வாங்கி வைம்மா, நாளைக்கு செட்டில் பண்ணிடலாம்’ என்பார்கள். பாதியில் நின்ற ஒரு படத்துக்காக நான் கடைக்குக் கட்டிய பணம் இன்னும் வரவில்லை, தயாரிப்பாளர் வேறு தொழிலுக்கே போய்விட்டார். அட்வான்ஸ் வாங்கி, பில் வைத்து, மீதியைக் கணக்குக் காட்டுங்கள். சிக்கல் வந்தால் பேச ஆள் வேண்டும், அதற்குத்தான் சங்கம். திரைப்படத் தொழிலாளர் சம்மேளனமான ஃபெப்சியின் கீழ் உடை அலங்காரத்துக்கும் சங்கம் இருக்கிறது. உறுப்பினர் கார்டு உடனே கிடைக்காது, கட்டணமும் கணிசமானது. கொஞ்ச காலம் வேலை செய்து காட்டிய பிறகு யோசிக்கலாம்.

பாதுகாப்பைப் பற்றி அம்மாவிடம் மறைக்காமல் பேசுங்கள். 2024 ஆகஸ்டில் வெளியான ஹேமா கமிட்டி அறிக்கை கேரள சினிமாவைப் பற்றியது. கழிப்பறைகூட இல்லாத படப்பிடிப்புத் தளங்கள், உடை மாற்ற மறைவில்லாத இடங்கள் என்று அதில் வந்தவை எனக்குப் புதிய செய்தியாக இல்லை. இங்கே பெண் அசிஸ்டென்டுகளின் எண்ணிக்கை கூடியிருக்கிறது, அதனால் நிலைமை முன்பைவிடப் பரவாயில்லை, அவ்வளவுதான் சொல்லமுடியும். பணியிடப் பாலியல் தொல்லையைத் தடுக்கும் 2013-ஆம் வருஷச் சட்டம் சினிமா கம்பெனிக்கும் பொருந்தும். பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்தால் உள்புகார்க் குழு இருக்கவேண்டும். சேரும்போதே மேனேஜரிடம் கேட்கலாம், முகம் சுளித்தால் அதுவே ஒரு பதில். வெளியூரில் தங்க நேர்ந்தால் இன்னொரு பெண்ணோடு அறை, ராத்திரி ஷூட்டிங் முடிந்தால் கம்பெனி வண்டி. இந்த இரண்டையும் முன்கூட்டியே பேசிவிடுங்கள். லுக் டெஸ்ட் என்று சொல்லி யாராவது ஹோட்டல் அறைக்குக் கூப்பிட்டால் போகவேண்டாம். அது ஆபீஸிலோ செட்டிலோ, நாலு பேர் முன்னால் நடக்கிற வேலை.

இப்போதே கிளம்பாதீர்கள். எழுபது கொண்டை ஊசி வளைவையும் இறங்கி, காரவள்ளியிலிருந்து பஸ் மாறிச் சென்னைக்கு வந்து, கையில் நோட்டும் இல்லாமல் தெரிந்தவரும் இல்லாமல் கம்பெனி கம்பெனியாக ஏறி இறங்குவதில் பலன் இல்லை. படிக்கச் சேர்ந்த பிறகு, அல்லது அந்த நோட்டு நிறைந்த பிறகு, சேலத்திலும் கோவையிலும் குறும்படம் எடுக்கிற விஸ்காம் மாணவர்களைத் தேடுங்கள். தரமணி எம்.ஜி.ஆர். அரசு திரைப்படக் கல்லூரி மாணவர்களும் படிப்பின் பகுதியாகப் படம் எடுக்கிறார்கள். எல்லோருக்கும் கேமராமேன் இருப்பார், எடிட்டர் இருப்பார். உடைக்கு மட்டும் ஆள் இருக்காது, நடிகர்களை வீட்டிலிருந்து போட்டுக்கொண்டு வரச் சொல்வார்கள். அங்கே போய் ‘உடையை நான் பார்த்துக்கொள்கிறேன்’ என்று சொல்லுங்கள், சரி என்பார்கள். அந்தப் பையன்களில் ஒருத்தன் நாளைக்கு டைரக்டர் ஆவான். அப்பா சொன்ன ‘ஆள்’ அப்படித்தான் கிடைப்பார். சம்பளம் தரமாட்டார்கள், பஸ் காசும் துணிக்காசும் சாப்பாடும் மட்டும் முதலிலேயே கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.